பெர்லின் நாயும் ஜுனாகத் நாய்களும்

1945 ஏப்ரல் 29 அன்று, பெர்லினில் தரைக்கு அடியில் கட்டப்பட்ட காங்கிரீட் நிலவறையில், ப்ளோண்டி என்ற பெண் நாயின் வாயைத் திறந்து சயனைடு குப்பியை உள்ளே வைத்து நொறுக்கினார்கள். நாயைப் பிடித்துக்கொண்டவர் அதை நாள்தோறும் பராமரித்துவந்த ஃப்ரிட்ஸ் டோர்னோ. குப்பியை நொறுக்கியவர் டாக்டர் வெர்னர் ஹாஸே. உத்தரவு போட்டவர் அதன் எஜமானர் அடால்ஃப் ஹிட்லர். இரண்டரை ஆண்டு கழித்து, 1947 அக்டோபர் கடைசியில், குஜராத்தின் கத்தியவார் பகுதியில் இருந்த ஜுனாகத் சமஸ்தானத்தின் நவாப் மூன்றாம் மகாபத் கான் தன் நாய்களை விமானத்தில் ஏற்றிக்கொண்டு கராச்சிக்குப் பறந்துபோனார்.

இருவரும் நாய்ப் பிரியர்கள் என்று பெயர் எடுத்தவர்கள். இருவருக்கும் அந்த நாட்களில் அரசு கைநழுவிக்கொண்டிருந்தது. ஒருவர் நாயைக் கொன்றார், மற்றவர் காப்பாற்றினார். அப்படியானால் இரண்டாமவர் நல்லவர் என்று முடிவு கட்டிவிடலாமா? இந்தக் கட்டுரை அந்தக் கேள்வியைப் பிடித்துக்கொண்டுதான் போகிறது.

முதலிலேயே ஒன்றைச் சொல்லிவிட வேண்டும். மகாபத் கான் கொலைகாரர் அல்ல. 60 லட்சம் யூதர்களைக் கொன்ற ஆட்சியையும், ஏழு லட்சம்கூட மக்கள்தொகை இல்லாத ஒரு சமஸ்தானத்தின் ஊதாரித்தனத்தையும் ஒரே தராசில் வைப்பது அநியாயம். நான் ஒப்பிட எடுத்துக்கொள்வது ஆட்சிகளை அல்ல, வீடுகளை. கேட்பாரற்ற அதிகாரம் ஒரு வீட்டுக்குள் எப்படி நடமாடும் என்பதை அந்த வீட்டு நாயின் கண் மட்டத்திலிருந்து பார்த்தால் சில விஷயங்கள் துலங்குகின்றன. அதே கண் மட்டத்திலிருந்து பார்ப்பதாலேயே சில விஷயங்கள் மறைந்தும் போகின்றன. இரண்டையும் சொல்ல வேண்டும்.

இதை எழுத ஒரு காரணம் உண்டு. பிள்ளைப்பாக்கம் சிப்காட் தொழிற்பேட்டையில் ஷிப்ட் முடிந்து டீக்கடையில் நிற்கிற பையன்களின் கைபேசியில் ஹிட்லர் படங்கள் அடிக்கடி வந்துபோகின்றன. மலைப் பின்னணியில் தன் ஷெப்பர்ட் நாயோடு சிரித்தபடி நிற்கிற படம். கீழே, மது அருந்தாதவர், மாமிசம் தொடாதவர், நாயை உயிராக நேசித்தவர் என்று வாசகம். தூத்துக்குடிப் பக்கத்திலிருந்து இங்கே வேலைக்கு வந்த ஒரு பையன் அந்தப் படத்தைக் காட்டிக் கேட்டான்: "நாய்மேல இவ்ளோ பாசம் வச்சவரு எப்படிண்ணே அவ்ளோ கெட்டவரா இருந்திருப்பாரு?" அவன் கேட்டதில் குதர்க்கம் எதுவும் இல்லை. உண்மையாகவே கேட்டான். கண்டிப்பான தலைமை ஆசிரியரை "ஹிட்லர்" என்று செல்லப்பெயர் வைத்து அழைக்கிற ஊர் நம்முடையது. "இந்த நாட்டுக்கு ஒரு ஹிட்லர் வரணும்" என்று பேருந்தில் பெரியவர்கள் சொல்லக் கேட்டே வளர்ந்திருக்கிறோம். அவன் கேள்விக்கு ஒழுங்கான பதில் தர வேண்டியது நம் பொறுப்பு.

ப்ளோண்டி 1941இல் அந்த வீட்டுக்கு வந்தது. ஹிட்லரின் நம்பிக்கைக்குரிய மார்ட்டின் போர்மான் கொடுத்த பரிசு. கிழக்குப் பிரஷ்யக் காட்டுக்குள் இருந்த 'ஓநாய்க் குகை' என்ற போர்த் தலைமையகத்திலும், ஆல்ப்ஸ் மலைச்சரிவில் இருந்த பெர்க்ஹோஃப் மாளிகையிலும், கடைசியில் பெர்லின் நிலவறையிலும் அதன் நான்கு வருட வாழ்க்கை கழிந்தது. காலையில் எஜமானரோடு நடை. பலகைமேல் ஏறுவது, ஏணியில் ஏறி நிற்பது, தடையைத் தாண்டுவது என்று பயிற்சி. அந்த வீட்டில் 1942 கடைசியில் செயலாளராகச் சேர்ந்த இளம்பெண் ட்ராவுட்ல் யுங்கே பின்னாளில் தன் நினைவுகளை எழுதினார். ஹிட்லர் கொடுத்த உற்சாகத்தில் நாய் ஊளையிட்டுப் 'பாடும்' என்றும், இன்னும் கீழ்க்குரலில், அக்காலத்துத் திரைப் பாடகி ஸாரா லியாண்டர் போல் பாடச் சொல்லி அவர் தூண்டுவார் என்றும் அதில் சொல்கிறார். முந்தைய நாளைவிடச் சில சென்டிமீட்டர் கூடுதலாக நாய் தாண்டிவிட்டால் அவருக்கு அன்று முழுதும் சந்தோஷம். ஸ்டாலின்கிராடில் ஜெர்மானிய ஆறாம் படை உறைந்து செத்துக்கொண்டிருந்த காலமும் அதுதான்.

அந்த வீட்டில் வேறு இரண்டு நாய்களும் இருந்தன. ஹிட்லரின் துணைவி ஈவா பிரவுனின் ஸ்காட்டிஷ் டெரியர்கள், நெகுஸ், ஸ்டாசி. இந்த இரண்டுக்கும் ப்ளோண்டிக்கும் ஆகாது. ஈவாவுக்கும் ப்ளோண்டியைப் பிடிக்காது. எனவே மாலையில் விருந்தினர்களோடு உட்கார்ந்திருக்கும்போது ப்ளோண்டியை உள்ளே கொண்டுவர வேண்டுமானால், கொஞ்ச நேரத்துக்கு வரலாமா என்று ஹிட்லர் ஈவாவிடம் கேட்பார். டெரியர்கள் வெளியே போகும், பிறகு ப்ளோண்டி உள்ளே வரும். மேஜைக்கு அடியில் ஈவா அதை உதைத்ததும் உண்டு என்று யுங்கே எழுதியிருக்கிறார். ஐரோப்பாவின் பாதியை ஆண்டவர் அனுமதி கேட்டுப் பேசிய ஒரே விஷயம் இந்த நாய் விவகாரமாகத்தான் இருந்திருக்கும் என்று நினைக்கிறேன். பலருக்கு இந்தக் காட்சி அவரைச் சாதாரணக் குடும்பஸ்தராகக் காட்டிவிடுகிறது. எனக்கு அது வேறு மாதிரித் தெரிகிறது. தளபதிகள் பின்வாங்க அனுமதி கேட்டுக் கெஞ்சிக்கொண்டிருந்தார்கள், அவர்களுக்குக் கிடைக்காத காது டெரியர் நாய்களுக்குக் கிடைத்தது.

எல்லாவற்றையும்விட எனக்கு முக்கியமாகப் படுவது ஆயுத அமைச்சர் ஆல்பர்ட் ஸ்பேர் சொல்கிற ஒரு சின்ன விஷயம். சாப்பாட்டு வேளையில் ப்ளோண்டி வந்து விருந்தினரின் முழங்காலில் தலையை வைக்கும். எஜமானரின் தட்டில் காய்கறி, விருந்தினர் தட்டில் இறைச்சி. நாய்க்கு எது வேண்டும் என்று சொல்லத் தேவையில்லை. ஆனால் விவரம் தெரிந்த விருந்தினர் எவரும் அந்தத் தலையைத் தடவிக் கொடுக்க மாட்டார்கள். கையைத் தங்கள் பக்கமே வைத்துக்கொண்டு, நாயைக் கவனிக்காததுபோல் உட்கார்ந்திருப்பார்கள். நாய் வேறொருவரிடம் ஒட்டுவதைப் பார்த்தால் ஹிட்லருக்குக் கோபம் வரும், எரிச்சலோடு கூப்பிட்டுக்கொள்வார். மேஜைக்குக் கீழே இருக்கிற நாயின் நிலையில் இதை யோசித்துப் பாருங்கள். சுற்றிலும் பளபளக்கிற பூட்ஸ் கால்கள். எல்லாக் கைகளிலும் இறைச்சி வாசனை. ஒரு கைகூட இறங்கி வருவதில்லை. அந்தக் கைகள் ஏன் பயப்படுகின்றன என்று நாய்க்குத் தெரியாது. நமக்குத் தெரியும். ஒரு நாயின் தலையைத் தடவுவதற்கே அமைச்சர்கள் யோசிக்க வேண்டியிருந்த வீட்டில், 'இந்தப் போரில் தோற்றுவிட்டோம்' என்று எவர் வாய் திறந்து சொல்லியிருக்க முடியும்?

அந்த வீட்டிலிருந்து நமக்குக் கிடைத்திருக்கிற சாட்சியங்களை எச்சரிக்கையோடு படிக்க வேண்டும். யுங்கேவும் ஸ்பேரும் தங்கள் பங்கைக் குறைத்துக் காட்ட வேண்டிய நிலையில் இருந்தவர்கள். ஸ்பேர் 20 ஆண்டு சிறையில் இருந்தவர், தனக்குச் சாதகமாகப் பலவற்றை மாற்றி எழுதியவர் என்பதை வரலாற்றாசிரியர்கள் பிறகு நிறுவினார்கள். ஆனாலும் நாயைப் பற்றிப் பொய் சொல்லி அவர்களுக்கு ஆகப்போவது ஒன்றும் இல்லை. பெரிய விஷயங்களில் வாயை அடக்குகிறவர்கள் சின்ன விஷயங்களில் தாராளமாகப் பேசிவிடுகிறார்கள். அந்த வகையில் நாய் பற்றிய பக்கங்கள் எனக்கு மற்ற பக்கங்களைவிட நம்பிக்கையாகத் தெரிகின்றன.

ஜுனாகத் கதையிலும் இதே சிக்கல், வேறு கோணத்தில். மகாபத் கானைப் பற்றி நாம் படிப்பவற்றில் பெரும்பகுதி அவரை வென்ற தரப்பு எழுதியது. சமஸ்தானங்களை இந்தியாவோடு இணைத்த வேலையில் சர்தார் படேலின் வலது கையாக இருந்த வி. பி. மேனன் எழுதியதே அதில் முதன்மையானது. நவாபுக்கு வாழ்க்கையில் முக்கியக் கவலை நாய்கள்தான், நூற்றுக்கணக்கில் வைத்திருந்தார், இரண்டு நாய்களுக்குக் கல்யாணம் செய்துவைத்து அந்நாளை அரசு விடுமுறையாக அறிவித்தார் என்று மேனன் பதிவு செய்கிறார். பின்னால் வந்தவர்கள் எண்ணிக்கையை 800, 2000 என்று ஏற்றிக்கொண்டே போனார்கள். மணமகள் ரோஷனாரா, மணமகன் பாபி. பாபி ஒரு நூலில் லேப்ரடார், இன்னொன்றில் கோல்டன் ரிட்ரீவர். வைசிராய் இர்வினுக்கு அழைப்பு போனதாகவும் அவர் வர மறுத்ததாகவும் சொல்கிறார்கள். வெள்ளைக்கார வாசகர்களுக்குக் 'கிறுக்கு மகாராஜா' கதைகள்மேல் தீராத ஆசை இருந்தது, அந்த ஆசைக்கு இந்தக் கல்யாணம் நல்ல தீனி. அதனால் வெள்ளிப் பல்லக்கு, தங்கக் காப்பு விவரங்களை நான் ஒதுக்கிவைக்கிறேன். நூற்றுக்கணக்கான நாய்கள், அவற்றைக் கவனிக்க ஊழியர்கள், எல்லாவற்றுக்கும் அரசுப் பணம் என்ற அளவு போதும், நம் ஒப்பீட்டுக்கு.

நவாபின் இன்னொரு பக்கத்தையும் சொல்லியாக வேண்டும், அவரைக் கேலி செய்கிறவர்கள் வசதியாக விட்டுவிடுகிற பக்கம் அது. கீர் காட்டில் இன்றைக்கு ஆசியச் சிங்கம் உயிரோடு இருக்கிறது என்றால் அதில் ஜுனாகத் நவாப்களுக்குப் பங்கு உண்டு. வேட்டையை விரும்பிய வைசிராய்களும் விருந்தினர்களும் நெருக்கிய காலத்தில் சிங்கத்துக்குக் காவல் போட்டார்கள். 1936இல் எடுத்த கணக்கில் 287 சிங்கங்கள் இருந்தன. கீர் மாட்டினத்தை வளர்ப்பதிலும் மகாபத் கான் அக்கறை காட்டினார். எனவே விலங்குகள்மேல் அவர் வைத்த பிரியம் வெறும் பகட்டு அல்ல. உண்மையான பிரியம்தான். ஹிட்லர் ப்ளோண்டிமேல் வைத்ததும் அவர் வரையில் உண்மையான பிரியமாகவே இருந்திருக்கலாம். அதை மறுப்பதில் நமக்கு லாபம் இல்லை. பிரியம் உண்மையா போலியா என்று விவாதிக்கப் போனால் அந்த டீக்கடைப் பையனின் கேள்விக்குள்ளேயே மாட்டிக்கொள்வோம்.

வித்தியாசம் வீட்டின் அமைப்பில் இருக்கிறது. பெர்லின் வீட்டில் எஜமானருக்கென்று ஒரே ஒரு நாய், அதன் விசுவாசம் முழுதும் ஒருவருக்கே சேர வேண்டும், மற்றவர் தொடக்கூடாது. ஜுனாகத் அரண்மனையில் நூற்றுக்கணக்கில் நாய்கள், அவற்றில் எத்தனைக்கு நவாபின் முகம் தெரிந்திருக்கும் என்பதே சந்தேகம். அவற்றுக்குச் சோறு போட்டவர்களும் குளிப்பாட்டியவர்களும் வேலைக்காரர்கள். நாய்களின் கண்ணில் எஜமானர்கள் அவர்களாகத்தான் இருந்திருப்பார்கள். முதல் வீட்டில் நாய் ஒரு மனிதரின் தனிமைக்கு மருந்து. இரண்டாவது வீட்டில் நாய்கள் செல்வத்தின் கணக்கு, யானை குதிரை போல.

1947 ஆகஸ்ட் 15 அன்று நவாப் பாகிஸ்தானோடு சேர்வதாக அறிவித்தார். மூன்று பக்கமும் இந்திய நிலம், ஒரு பக்கம் கடல். குடிமக்களில் 80 சதவீதத்துக்கும் மேல் இந்துக்கள். திவானாக இருந்தவர் ஷா நவாஸ் பூட்டோ, பிற்காலத்தில் பாகிஸ்தான் பிரதமரான சுல்ஃபிகர் அலி பூட்டோவின் தந்தை. மக்களை யாரும் கேட்கவில்லை. செப்டம்பர் 25 அன்று பம்பாயில் சாமல்தாஸ் காந்தி தலைமையில் 'ஆர்ஸி ஹகூமத்' என்ற தற்காலிக அரசு அமைந்தது. நிலக்கரி வரத்து நின்றது, போக்குவரத்து நின்றது, தானியம் குறைந்தது. அக்டோபர் கடைசியில் நவாப் கிளம்பினார். விமானம் ஏறுகிற நேரத்தில் பேகம் ஒருவர் குழந்தையை அரண்மனையில் விட்டுவிட்டு வந்ததை உணர்ந்து, எடுத்துவரும்வரை காத்திருக்கச் சொல்லிவிட்டுப் போனதாகவும், அவர் போன கையோடு நவாப் நாய்களை ஏற்றிக்கொண்டு பறந்துவிட்டதாகவும் மேனன் எழுதுகிறார். கருவூலத்து ரொக்கமும் பங்குப் பத்திரங்களும் கூடவே போயின. நவம்பர் 9 அன்று இந்திய நிர்வாகம் ஜுனாகத்தை ஏற்றுக்கொண்டது. 1948 பிப்ரவரியில் மக்களிடம் முதல்முறையாகக் கேட்டார்கள். வாக்களித்தவர்கள் 1,90,870 பேர். அதில் பாகிஸ்தானுக்கு விழுந்தவை 91.

பேகம் பற்றிய அந்தச் சம்பவத்தைப் படிக்கிற தமிழருக்கு மகாபாரதத்தின் கடைசிப் பயணம் நினைவுக்கு வராமல் இருக்காது. அங்கேயும் வழியில் மனைவி விழுந்துகிடக்கிறாள், நாய் கூடவே வருகிறது. இந்திரன் தேரோடு வந்து, நாயை விட்டுவிட்டு ஏறு என்கிறான். தருமர் மறுக்கிறார். நாயைக் கைவிடாதவனே தர்மவான் என்று சிறுவயதிலிருந்து கேட்டுப் பழகியவர்கள் நாம். ஹிட்லர் படத்தைப் பார்த்து அந்தப் பையன் மயங்கியதற்கும் இந்தக் கதை நம் ரத்தத்தில் ஊறியிருப்பதே காரணம் என்று தோன்றுகிறது. ஆனால் கதையின் முன்பகுதியை நாம் மறந்துவிடுகிறோம். தருமர் கிளம்புவதற்கு முன் அரசைப் பரீட்சித்திடம் ஒப்படைத்துவிட்டார், அரச உடையைக் களைந்து மரவுரி உடுத்திக்கொண்டார், கஜானாவைத் தூக்கிக்கொண்டு போகவில்லை. அந்த நாயும் அவருடையது அல்ல. எங்கிருந்தோ வந்து பின்னால் நடந்த நாய். தன் வளர்ப்பு நாயை விட மறுப்பதை எந்தப் பிரபுவும் செய்துவிடுவார். யாருமற்ற ஒரு நாய்க்காகச் சொர்க்கத்தை வேண்டாம் என்றதுதான் அந்தக் கதையில் பேசப்படுகிற விஷயம்.

நாயின் கண் மட்டத்தில் மட்டும் நின்றால் இது தெரியாது. ப்ளோண்டிக்குத் தன் எஜமானரின் கையெழுத்து வெளியே என்ன செய்தது என்று தெரியாது. அதற்குத் தெரிந்தது, காலையில் கூப்பிடுகிற குரல், நடைக்குப் போகிற காட்டுப் பாதை, இரவில் படுக்கிற அறை. சர்வாதிகாரிகளின் வீட்டை நாய் வழியாகச் சொல்ல நினைக்கிறவர்கள் சறுக்குகிற இடம் இதுதான். அந்தப் பார்வையில் எஜமானர் எப்போதும் கொஞ்சம் நல்லவராகிவிடுகிறார். ஆகவே கதவுக்கு வெளியே இருந்த விலங்குகளையும் பக்கத்தில் வைத்தால்தான் படம் முழுமையாகும்.

1933 நவம்பர் 24 அன்று நாஜி அரசு விலங்குப் பாதுகாப்புச் சட்டம் கொண்டுவந்தது. அக்காலத்துக்கு அது கடுமையான சட்டம், விலங்கைத் தேவையின்றித் துன்புறுத்தினால் சிறை. அந்தச் சட்டத்தைக் கொண்டுவந்த அதே அரசு 1942 மே மாதத்தில் இன்னொரு உத்தரவு போட்டது. யூதர்கள் வளர்ப்பு விலங்கு எதுவும் வைத்திருக்கக் கூடாது. அவற்றை வேறு யாருக்கும் கொடுத்துவிடவும் கூடாது. டிரெஸ்டன் நகரில் பேராசிரியராக இருந்து பதவி பறிக்கப்பட்ட விக்டர் க்ளெம்பெரர் யூதர். அவர் மனைவி யூதர் அல்ல. அவர்கள் வீட்டில் முஷல் என்று ஒரு ஆண் பூனை, பல வருடங்கள் கூடவே இருந்தது. அதிகாரிகள் வந்து பறித்துக்கொண்டு போனால் எப்படிச் சாகுமோ என்று பயந்து, க்ளெம்பெரரின் மனைவியே அதைக் கால்நடை மருத்துவரிடம் எடுத்துப்போய் வலியில்லாமல் கொல்லச் செய்தார். க்ளெம்பெரர் தன் நாட்குறிப்பில் அந்த நாட்களை எழுதிவைத்திருக்கிறார். வீட்டைச் சோதனை போட்டு அந்த நாட்குறிப்பைக் கண்டுபிடித்திருந்தால் அவர் உயிருக்கே ஆபத்து. அப்படிப்பட்ட காகிதத்தில் ஒரு பூனைக்கு இடம் கொடுத்தார். அதே கோடையில் ஹிட்லரின் போர்த் தலைமையகத்தில் ப்ளோண்டி ஏணி ஏறிக்கொண்டிருந்தது.

இன்னொரு நாயையும் இங்கே கொண்டுவர வேண்டும். ட்ரெப்ளிங்கா கொலை முகாமில் கர்ட் ஃப்ரான்ஸ் என்ற நாஜி எஸ்.எஸ். படை அதிகாரி பேரி என்று ஒரு பெரிய செயின்ட் பெர்னார்ட் கலப்பு நாயை வைத்திருந்தான். அதைக் கைதிகள்மேல் ஏவும்போது அவன் நாயைப் பார்த்து "மனிதா" என்பான், கைதியை "நாய்" என்பான். பேரி கடித்துக் குதறியவர்களைப் பற்றி 1964, 1965இல் டுஸ்ஸல்டார்ஃப் நீதிமன்றத்தில் உயிர்தப்பியவர்கள் சாட்சி சொன்னார்கள். முகாம் மூடப்பட்ட பிறகு பேரி ஒரு மருத்துவரிடம் போய்ச் சேர்ந்தது. அங்கே அது யாரையும் கடிக்கவில்லை, சாதுவாக இருந்தது. ஒரே நாய் எப்படி இரண்டு மாதிரி இருக்க முடியும் என்று நீதிமன்றத்துக்குக் குழப்பம். விலங்கு நடத்தை ஆய்வாளர் கொன்ராட் லோரென்ஸை அழைத்துக் கருத்துக் கேட்டார்கள். இத்தகைய நாய் தன் எஜமானரையே பிரதிபலிக்கும், எஜமானர் மாறினால் அதன் நடத்தையும் மாறும் என்பது அவர் கருத்து.

நாயை வைத்து எஜமானரை அளக்கலாம் என்றால், அளக்க வேண்டியது இப்படித்தான். நாய் எஜமானரை எப்படிப் பார்த்தது என்பது போதாது. எஜமானர் அந்த நாயை மற்ற மனிதர்களை எப்படிப் பார்க்கப் பழக்கினார் என்பது வேண்டும். நான் சொன்ன டீக்கடை வாசலில் ஒரு செவலை நாய் உண்டு. கம்பெனி பேருந்து வந்து நின்றதும் எழுந்து வரும். பொறை வாங்கிப் போடுகிற யாரிடமும் வாலாட்டும், கழுத்தில் தொங்குகிற அட்டை நிரந்தரத் தொழிலாளியின் அட்டையா ஒப்பந்தத் தொழிலாளியின் அட்டையா என்று அது பார்ப்பதில்லை, ஒடியாவில் கூப்பிட்டாலும் தமிழில் கூப்பிட்டாலும் வரும். அதைப் பேதம் பார்க்க யாரும் இன்னும் பழக்கவில்லை.

இங்கே ஒரு எதிர்வாதம் வரும். ஜனநாயக நாட்டுத் தலைவர்கள் மட்டும் யோக்கியமா? அமெரிக்க அதிபர் ரூஸ்வெல்ட்டின் ஃபாலா என்ற ஸ்காட்டிஷ் டெரியரைச் சொல்வார்கள். 1944இல் அலூஷியன் தீவுகளில் ரூஸ்வெல்ட் அந்த நாயை மறந்து விட்டுவிட்டு, அதைக் கூட்டிவர வரிப்பணத்தில் போர்க்கப்பல் அனுப்பினார் என்று எதிர்க்கட்சி கிளப்பியது. செப்டம்பர் 23 அன்று ஒரு தொழிற்சங்க விருந்தில், வானொலி நேரலையில், அவர் அதற்குப் பதில் சொன்னார். குற்றச்சாட்டு பொய். ஆனால் நாய்க்கு எவ்வளவு செலவு என்று நாட்டின் உச்ச அதிகாரியைக் கேட்க முடிந்தது, அவர் பதில் சொல்லியாக வேண்டியிருந்தது. பெர்லினில் தலையைத் தடவவே முடியாது, ஜுனாகத்தில் கல்யாணச் செலவைக் கேட்க ஆளில்லை. இதே ரூஸ்வெல்ட் 1942 பிப்ரவரி 19 அன்று போட்ட உத்தரவின் பேரில் சுமார் 1,20,000 ஜப்பானிய வம்சாவளியினர் முகாம்களில் அடைக்கப்பட்டார்கள் என்பதையும், கையில் தூக்க முடிந்ததை மட்டும் எடுத்துப்போகச் சொன்னதால் அவர்கள் தங்கள் நாய்களையும் பூனைகளையும் விட்டுவிட்டே போக நேர்ந்தது என்பதையும் இங்கே சேர்த்தே சொல்ல வேண்டும். கதவுக்கு வெளியே இருந்த விலங்கை வைத்துப் பார்த்தால் அந்த வீட்டுக்கும் கறை உண்டு.

நிலவறைக்குத் திரும்புகிறேன். 1945 ஜனவரி நடுவில் ஹிட்லர் அங்கே குடிபோனார். ப்ளோண்டி ஏப்ரல் முதல் வாரத்தில் குட்டி போட்டது. ஒரு குட்டிக்கு 'ஓநாய்' என்று, தனக்கு மிகவும் பிடித்த பெயரை வைத்தார். மேலே பீரங்கி அதிர்வு, உள்ளே ஜெனரேட்டர் இரைச்சல், சூரிய வெளிச்சம் கிடையாது. மோப்பத்தால் உலகை அறிகிற பிராணிக்கு அந்த மூடிய அறைகளில் பயத்தின் வாடை எப்படி இருந்திருக்கும் என்று யோசிக்கிறேன். ஏப்ரல் 22 அன்று பிரசார அமைச்சர் கோயபல்ஸ் தன் மனைவியையும் ஆறு குழந்தைகளையும் அழைத்துக்கொண்டு வந்து சேர்ந்தார். 28 இரவு, எஸ்.எஸ். படைத் தலைவர் ஹிம்லர் ரகசியமாக நேச நாடுகளோடு சமரசம் பேசுகிறார் என்ற செய்தி வெளிநாட்டு வானொலி வழியாக வந்தது. கைவசம் இருந்த சயனைடு குப்பிகள் ஹிம்லரின் எஸ்.எஸ். மூலம் வந்தவை. அவற்றில் இருப்பது விஷம்தானா, அல்லது தன்னை உயிரோடு பிடித்துக் கொடுக்க ஏதாவது சூழ்ச்சியா என்று ஹிட்லருக்குச் சந்தேகம். சோதித்துப் பார்க்க ஒரு உயிர் வேண்டும். தன் படுக்கையறையில் படுத்த நாயைத் தேர்ந்தெடுத்தார்.

இதைப் பாசத்தின் முறிவு என்று சிலர் எழுதுகிறார்கள். ரஷ்யர் கையில் சிக்கக் கூடாது என்ற கருணை என்றுகூட ஒரு விளக்கம் உண்டு. என்னால் இரண்டையும் ஏற்க முடியவில்லை. அந்த வீட்டில் எல்லா உயிரும் முதல் நாளிலிருந்தே அவருடைய உபயோகத்துக்காக இருந்தவை. தடவினால் கோபிக்கிற உடைமை உணர்வும், குப்பியை அதன் வாயில் வைக்கச் சொன்ன உத்தரவும் ஒரே இடத்திலிருந்து வருகின்றன. நாய் செத்தது, ஹிட்லர் வந்து பார்த்தார், விஷம் வேலை செய்கிறது என்று உறுதியானது. மறுநாள் அவரும் ஈவாவும் இறந்தார்கள். குட்டிகளையும் மற்ற நாய்களையும் டோர்னோ சுட்டுக் கொன்றார். மே 1 அன்று கோயபல்ஸின் ஆறு குழந்தைகளுக்கும் சயனைடு கொடுக்கப்பட்டது. மூத்த பெண்ணுக்கு வயது 12.

மகாபத் கானின் நாய்கள் அந்த முடிவிலிருந்து தப்பின. விமானத்தில் ஏறிய நாய்கள் கராச்சியில் பிழைத்திருக்கும். அந்த அளவில் அவர் ஹிட்லரைவிட எத்தனையோ மடங்கு மேல், அதைத் தயங்காமல் சொல்கிறேன். ஆனால் ஜுனாகத் மக்களின் பணத்தில் வளர்ந்த நாய்களுக்கு விமானத்தில் இடம் இருந்தது, அந்தப் பணத்தைக் கொடுத்தவர்களை ஒரு வார்த்தை கேட்க ஆட்சியில் இடம் இருக்கவில்லை. 91 வாக்குகள் என்ற எண் அதற்குக் கிடைத்த பதில்.

எனவே தம்பி, உன் கேள்விக்கு என் பதில் இது. அவர் அந்த நாயை நேசித்திருக்கலாம், அது உண்மையாகவே இருக்கட்டும். ஆனால் அந்தப் படத்தை அடுத்தவருக்கு அனுப்புவதற்கு முன், டிரெஸ்டனில் 1942 மே மாதம் ஒரு பேராசிரியரின் வீட்டுப் பூனைக்கு என்ன நேர்ந்தது என்பதையும் கீழே இரண்டு வரி எழுதிச் சேர்த்து அனுப்பு.